ஓய்வூதியமும் பதவி உயர்வும்: ஓய்வு பெற்ற ஊழியர் அறிய வேண்டியவை

நமது கிராமங்களில் ஓய்வூதியத்தை ‘உபகாரச் சம்பளம்’ என்று வழங்குவது முன்னாளைய மரபு. உத்தியோகம் முடிந்த பின்னும் மாதந்தோறும் வந்து சேரும் பணம், கொடுப்பவர் மனமுவந்து செய்யும் உபகாரம் என்னும் எண்ணம் அச்சொல்லிலேயே அடங்கியிருந்தது. சொல் இன்று மறைந்து வருகிறது; எண்ணம் மறையவில்லை. தமக்கு வர வேண்டிய தொகை குறைந்து வந்தாலும், “கொடுப்பதைக் கேள்வி கேட்கலாமா?” என்று வாளாவிருக்கும் முதியோரை ஊர்தோறும் காண்கிறோம். இதற்கு நேர்மாறாக, பணியிலிருந்த காலத்தில் தவறிப்போன பதவி உயர்வை ஓய்வு பெற்றுப் பல்லாண்டு கழித்துக் கேட்டு, மனுவுக்கு மேல் மனு எழுதிச் சோர்ந்து போவோரும் உளர். இவ்விரு சாராரும் துன்புறுவதற்குக் காரணம் ஒன்றே. ஓய்வூதியமும் பதவி உயர்வும் இயல்பில் வேறுபட்ட இரு உரிமைகள் என்பது அவர்களுக்கு விளக்கப்படவில்லை. அதை விளக்குவதே நம் நோக்கம்.

தமிழ்நாட்டில் 1-4-2003க்கு முன் அரசுப் பணியில் சேர்ந்தவர்களுக்குரிய பழைய ஓய்வூதிய முறையையே இங்கு எடுத்துக் கொள்கிறோம். அத்தேதி முதல் பணியில் சேர்ந்தோர் பங்களிப்பு முறையின் கீழ்க் கொண்டுவரப்பட்டனர். அவர்கள் கதை வேறு.

ஓய்வூதியம் ஓர் உடைமை

ஓய்வூதியம் அரசாங்கத்தின் விருப்பத்தைப் பொறுத்த கொடையன்று என்பதை உச்ச நீதிமன்றம் 1971ஆம் ஆண்டிலேயே, பீகாரைச் சேர்ந்த தேவகி நந்தன் பிரசாத் என்னும் அலுவலரின் வழக்கில் தெளிவாக்கியது. ஓய்வூதியம் பெறும் உரிமை ஒருவகைச் சொத்து என்றும், நிர்வாக ஆணை ஒன்றினால் மட்டும் அதைப் பறித்துவிட முடியாதென்றும் அத்தீர்ப்பு கூறிற்று. சொத்துரிமை பிற்காலத்தில் அடிப்படை உரிமைகளின் வரிசையிலிருந்து நீக்கப்பட்டு, அரசியல் சட்டத்தின் 300அ விதியில் இடம் பெற்றது. ஆயினும் ஓய்வூதியத்தின் காப்பு குறையவில்லை. சட்டத்தின் ஆதாரமின்றி ஓய்வூதியத்தையோ பணிக்கொடையையோ நிறுத்தி வைப்பது 300அ விதிக்கு முரணாகும் என்று ஜார்க்கண்ட் மாநில வழக்கொன்றில் 2013இல் அதே நீதிமன்றம் உரைத்தது.

இவற்றினும் புகழ் பெற்றது 17-12-1982 அன்று வெளியான நகாரா வழக்கின் தீர்ப்பு. மத்திய அரசாங்கம் 1979இல் ஓய்வூதியக் கணக்கீட்டைத் தாராளமாக்கியது. ஆனால் அந்த ஆண்டு மார்ச்சு 31ஆம் தேதியிலோ அதன் பின்னரோ ஓய்வு பெற்றவர்களுக்கே பயன் என வரையறுத்தது. பாதுகாப்பு அமைச்சகத்தில் நிதி ஆலோசகராயிருந்து 1972இல் ஓய்வு பெற்ற நகாரா என்பவர் இதை எதிர்த்தார். ஒரே வகுப்பைச் சேர்ந்த ஓய்வூதியரை, ஓய்வு பெற்ற நாளை மட்டும் கொண்டு இரு கூறாக்குவது சமத்துவத்துக்கு ஒவ்வாது என ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு முடிவு செய்தது. ஓய்வூதியம் முன்பு ஆற்றிய பணிக்கான ஊதியம் என்றும், முதுமையில் மானத்தோடு வாழ வகை செய்யும் சமூக நீதி என்றும் அத்தீர்ப்பு விளக்கியது. டிசம்பர் 17ஆம் நாளை ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடுவது இக்காரணம் பற்றியே.

கணக்கு எவ்வாறு அமைகிறது?

உரிமை இருந்தால் மட்டும் போதாது. அதன் அளவு எப்படி நிர்ணயமாகிறது என்பதும் தெரிந்திருக்க வேண்டும். தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978இல் வகுக்கப்பட்டவை. அவற்றின்படி குறைந்தது 10 ஆண்டுகள் தகுதியுள்ள பணி இருந்தால் மாத ஓய்வூதியம் உண்டு. 30 ஆண்டுகள் நிறைந்தால் முழு ஓய்வூதியம், அதாவது கடைசி ஊதியத்தில் பாதி. அதற்குக் குறைந்தால் அந்த விகிதத்தில் குறையும்.

பஞ்சாயத்து யூனியன் பள்ளியில் பணியாற்றிய ஓர் ஆசிரியரின் கடைசி ஊதியம் ரூ.60,000 எனக் கொள்வோம். அவருக்கு 30 ஆண்டுப் பணி இருப்பின் ஓய்வூதியம் ரூ.30,000. ஆனால் பணிப்பதிவேட்டில் ஆறு ஆண்டுகளுக்குச் சரிபார்ப்புக் குறிப்பு இல்லை என்று வைத்துக் கொள்வோம். கணக்கில் 24 ஆண்டுகளே ஏறும், ஓய்வூதியம் ரூ.24,000 ஆகும். மாதம் ரூ.6,000, ஆண்டுக்கு ரூ.72,000 இழப்பு. ஓய்வூதியத்தின் மீது கணக்கிடப்படும் அகவிலைப்படியும் இதற்கேற்பக் குறையும். பணிக்கொடையோ ஒவ்வோர் அரையாண்டுக்கும் கால் மாத ஊதியம் என்ற கணக்கு. 30 ஆண்டுக்கு 15 மாத ஊதியமாக வர வேண்டியது 12 மாத ஊதியமாகச் சுருங்கும். அந்த ஆசிரியர் ஆறு ஆண்டுகளும் வகுப்பில் நின்று பாடம் சொன்னார் என்பதை ஊரே அறியும். ஆனால் பதிவேடு அறியாததைக் கணக்கு அலுவலகம் ஏற்பதற்கில்லை.

இன்னொன்று. தொகுப்பூதியத்திலோ நாட்கூலியிலோ தொடங்கி, பின்னர் 1-4-2003க்கு முன் முறையான பணியில் சேர்த்துக் கொள்ளப்பட்டவர்கள் நம் கிராமங்களில் பலர். அவர்களுடைய முந்திய முழுநேரப் பணிக்காலத்தில் பாதியை, விதிகளிலுள்ள நிபந்தனைகளுக்குட்பட்டு, ஓய்வூதியத்துக்குச் சேர்த்துக் கொள்ள இடமுண்டு. இது பலருக்குத் தெரிவதில்லை. பழைய நியமன ஆணையும் ஊதியப் பட்டியலின் நகலும் இல்லாத காரணத்தால் தெரிந்தவர்களும் இதை இழந்துவிடுகின்றனர்.

ஓய்வூதியத்தில் மூன்றில் ஒரு பங்கு வரை முன்கூட்டியே மொத்தத் தொகையாகப் பெற்றுக் கொள்ளலாம். அவ்வாறு பெற்றால் மாத ஓய்வூதியம் அந்த அளவுக்குக் குறையும். 15 ஆண்டுகள் சென்ற பின் குறைந்த பகுதி மீண்டும் சேர்க்கப்படும். அந்த நாள் எது என்பதை ஓய்வூதியர் தம் குறிப்பில் எழுதி வைத்து, அந்த மாதம் முழுத் தொகை வந்ததா எனப் பார்த்துக் கொள்ளுதல் நன்று.

பதவி உயர்வு: கேட்கும் காலத்தில் கேட்க வேண்டிய உரிமை

இனிப் பதவி உயர்வைக் காண்போம். பதவி உயர்வு பெற்றே தீர வேண்டும் என்னும் உரிமை எவருக்கும் இல்லை. தகுதியுள்ளோர் வரிசையில் தம் பெயரும் முறைப்படி பரிசீலிக்கப்பட வேண்டும் என்னும் உரிமையே உண்டு. அந்தப் பரிசீலனை உரிமை அரசியல் சட்டத்தின் 16ஆம் விதியில் அடங்கிய அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1999இல் அஜீத் சிங் வழக்கில் உறுதி செய்தது.

இந்த உரிமைக்குக் காலம் முக்கியம். நம் மாநிலத்து வழக்கொன்றே இதற்குத் தக்க சான்று. சதாசிவசுவாமி என்னும் அலுவலர் தமக்கு இளையவர் 1957இல் மேலேற்றப்பட்டதை எதிர்த்து 1971இல் நீதிமன்றம் சென்றார். பதினான்கு ஆண்டுகள் வாளாவிருந்துவிட்டுப் பின்பு கேட்பது முறையன்று என்று 1974இல் உச்ச நீதிமன்றம் அவர் கோரிக்கையைத் தள்ளியது. இளையவர் முந்தினால் ஆறு மாதத்துக்குள், அதிகம் போனால் ஓராண்டுக்குள், நீதிமன்றத்தை அணுக வேண்டும் என்றும் அறிவுறுத்தியது.

இத்துணைக் கண்டிப்பு ஏன் என்று கேட்கலாம். பதவி ஒன்று, அதை நாடுவோர் பலர். ஒருவரை இப்பொழுது முன்னே கொண்டுவந்தால், பல்லாண்டுகளாக அவ்விடத்தில் இருந்து மேலும் உயர்ந்துவிட்ட வேறு பலர் பின்னே தள்ளப்படுவர். ஓய்வூதியத்தில் இந்தச் சிக்கல் இல்லை. ஒருவருடைய ஓய்வூதியத்தைத் திருத்துவதால் இன்னொருவருடைய ஓய்வூதியம் குறைவதில்லை. மேலும், குறைவாகக் கொடுக்கும் தவறு ஒவ்வொரு மாதமும் புதிதாக நிகழ்கிறது. ஆகவே காலந்தாழ்ந்த ஓய்வூதியக் கோரிக்கையை நீதிமன்றங்கள் பொதுவாகத் தள்ளிவிடுவதில்லை. ஆனால் பழைய நிலுவை முழுவதும் கிடைத்துவிடாது. தர்செம் சிங் என்னும் படைவீரர் தம் ஊன ஓய்வூதியத்துக்காகப் பதினாறு ஆண்டுகள் கழித்து வழக்குத் தொடுத்தார். உரிமை ஏற்கப்பட்டது, நிலுவையோ வழக்குத் தொடுத்த நாளுக்கு முந்திய மூன்றாண்டுகளுக்கு மட்டும் என 2008இல் உச்ச நீதிமன்றம் வரையறுத்தது.

இரண்டு உரிமைகளுக்கும் உள்ள வேற்றுமை இதுவே. தாமதத்தால் ஓய்வூதிய உரிமை மெலியும். பதவி உயர்வு உரிமையோ அடியோடு அற்றுப்போகும்.

ஓய்வு பெற்ற பின் பதவி உயர்வு கிடைக்குமா?

மேற்கு வங்கத்து அறிவியல் அலுவலர் ஒருவரின் பெயர், அவர் 2016 டிசம்பர் 31இல் ஓய்வு பெறுவதற்கு இரண்டு நாள் முன்னர்தான் தேர்வாணையத்தால் பரிந்துரைக்கப்பட்டது. இறுதி ஒப்புதல் ஜனவரி 4ஆம் தேதி வந்தது. அதற்குள் அவர் ஓய்வு பெற்றுவிட்டார். அந்த உயர்பதவிக்குரிய ஊதியத்தைக் கணக்கில் கொண்டு ஓய்வூதியம் தர இயலாதென்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உயர்பதவியின் பொறுப்பை ஏற்கும் நாளிலிருந்தே பதவி உயர்வு பயன் தரும். இடம் காலியான நாளிலிருந்தோ பரிந்துரை எழுந்த நாளிலிருந்தோ அன்று என்பதே இதன் சாரம். நான்கு நாள் வேற்றுமை ஒருவருடைய வாழ்நாள் ஓய்வூதியத்தை மாற்றிவிட்டது. கோப்பு ஒரு மேசையில் தங்கும் ஒவ்வொரு நாளும் ஒரு குடும்பத்தின் வருவாயைத் தொடுகிறது என்பதை அலுவலகங்களில் அமர்ந்திருப்போர் நினைவிற் கொள்ளக் கடவர்.

ஆனால் இளையவர் உயர்த்தப்பட்டு, மூத்தவர் நிர்வாகத்தின் பிழையால் மட்டுமே விடுபட்டிருந்தால் நிலைமை வேறு. அவர் காலத்தே முறையிட்டிருந்தால், ஓய்வுக்குப் பின்னும் கருத்தியலாகப் பதவி உயர்வு அளித்து ஓய்வூதியத்தை மறுநிர்ணயம் செய்ய வழியுண்டு. இங்கும் ‘காலத்தே முறையிட்டிருந்தால்’ என்பதே உயிர்நாடி. பணியிலிருந்த போது கொடுத்த மனுவின் நகலும், அதற்கு அலுவலகம் இட்ட ஒப்புகையும் இருப்பவரே இவ்வாதத்தை நிலைநாட்ட முடியும்.

ஒழுங்கு நடவடிக்கையைக் காட்டிப் பதவி உயர்வு தடுக்கப்படுவதும் உண்டு. ஜானகிராமன் வழக்கில் 1991இல் உச்ச நீதிமன்றம், குற்றச்சாட்டுக் குறிப்பாணை ஊழியருக்கு வழங்கப்பட்ட பின்னரே நடவடிக்கை தொடங்கியதாகக் கொள்ள வேண்டும் என்றது. பூர்வாங்க விசாரணை நடக்கிறது என்பது மட்டும் பதவி உயர்வைத் தடுக்கப் போதிய காரணமாகாது. ஓய்வுக்குப் பின் புதிதாகத் துறை நடவடிக்கை எடுப்பதற்கும் வரம்புண்டு. அரசாங்கத்தின் அனுமதி வேண்டும். நான்கு ஆண்டுகளுக்கு முன் நடந்த நிகழ்ச்சி பற்றி எடுக்கலாகாது.

ஒரு நாளில் தவறிய ஊதிய உயர்வு

பதவி உயர்வைப் போலவே ஆண்டு ஊதிய உயர்வும் ஓய்வூதியத்தைப் பாதிக்கும். ஜூன் 30இல் ஒருவர் ஓய்வு பெறுகிறார்; ஜூலை 1இல் அவருக்கு ஊதிய உயர்வு வர வேண்டும். ஓராண்டு முழுவதும் உழைத்துவிட்டார். ஆனால் உயர்வு வரும் நாளில் பணியில் இல்லை. அவர் அதை இழக்க வேண்டுமா?

தமிழ்நாடு அரசாங்கம் 2014ஆம் ஆண்டு இறுதியில், இத்தகையோருக்கு ஓய்வூதியப் பயன்களுக்காக மட்டும் அந்த உயர்வைக் கருத்தியலாகச் சேர்த்துக் கொள்ளலாம் என ஆணையிட்டது. மத்திய அரசாங்க அலுவலர் அய்யம்பெருமாள் என்பவரின் வழக்கில் 2017இல் சென்னை உயர் நீதிமன்றமும் அவ்வாறே தீர்ப்பளித்தது. 2023 ஏப்ரலில், கர்நாடக மின் கடத்தல் கழக ஊழியர்களின் வழக்கில் உச்ச நீதிமன்றம், ஓராண்டு நற்பணியால் ஈட்டிய உயர்வை மறுநாள் பணியில் இல்லையென்று மறுக்கலாகாது என முடிவு கூறியது. வழக்குத் தொடராத மத்திய ஊழியர்க்கு 1-5-2023 முதல் உயர்த்திய ஓய்வூதியம் கிடைக்கும் என்பது பின்னர் வந்த ஆணைகளால் தெளிவாயிற்று. ஊதிய உயர்வுக்கு முதல் நாளில் ஓய்வு பெற்றவர்கள் தம் கணக்கில் இது சேர்க்கப்பட்டிருக்கிறதா என்று பார்த்துக் கொள்வாராக.

பிடித்தமும் தாமதமும்

ஓய்வு பெறும் வேளையில், “பல ஆண்டுகளுக்கு முன் உமக்குக் கூடுதல் ஊதியம் வழங்கப்பட்டுவிட்டது” என்று கூறிப் பணிக்கொடையில் பெருந்தொகையைப் பிடிப்பதுண்டு. 2014 டிசம்பரில் ரஃபீக் மசீ வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு எல்லை வகுத்தது. ஊழியரின் வஞ்சகமின்றி, அலுவலகத்தின் தவறால் நேர்ந்த மிகைத் தொகையைக் கீழ்நிலை ஊழியரிடமிருந்தும், ஓய்வு பெற்றவரிடமிருந்தும், ஓராண்டுக்குள் ஓய்வு பெறவிருப்பவரிடமிருந்தும் திரும்பப் பெறலாகாது. ஐந்தாண்டுகளுக்கு மேல் தொடர்ந்து கொடுக்கப்பட்டதையும் பெறலாகாது என்றது. எனினும், மிகைத் தொகையைத் திருப்பித் தருவதாக ஊதிய நிர்ணயத்தின் போது உறுதிமொழி எழுதிக் கொடுத்தவர் அதற்குக் கட்டுப்பட்டவர் என்று 2016இல் வேறொரு தீர்ப்பு வந்தது. நீட்டிய இடத்திலெல்லாம் கையொப்பமிடும் வழக்கம் எவ்வளவு கேடு தரும் என்பதற்கு இதுவே போதும்.

தாமதத்துக்கும் பரிகாரம் உண்டு. கேரளத்தைச் சேர்ந்த பத்மநாபன் நாயர் 1973இல் ஓய்வு பெற்றார். கடைசி ஊதியச் சான்றிதழ் வராத காரணத்தால் இரண்டாண்டுகளுக்கு மேல் கழித்தே பணிக்கொடை பெற்றார். இவ்வித அநியாயத் தாமதத்துக்கு அரசாங்கம் வட்டி செலுத்தக் கடமைப்பட்டது என்று 1984 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் கூறிற்று.

இனிச் செய்ய வேண்டியவை

பணியிலிருப்போர் ஆண்டுக்கொரு முறையேனும் தம் பணிப்பதிவேட்டைப் பார்க்க வேண்டும். பிறந்த தேதி, சேர்ந்த நாள், விடுப்புக் கணக்கு, ஆண்டுதோறும் பணிச் சரிபார்ப்பு ஆகிய நான்கும் சரியாயுள்ளனவா எனக் கவனிக்க வேண்டும். பதிவேடுகள் இப்போது கணினியில் ஏற்றப்பட்டுள்ளன. ஏற்றும்போது பிழை நேர்ந்திருக்கிறதா என மூலத்தோடு ஒப்பு நோக்குவது அவசியம். பணி மூப்புப் பட்டியல் வெளியானதும் தம் இடத்தைப் பார்த்து, குறையிருப்பின் உடனே எழுத்து மூலம் முறையிட்டு நகலை வைத்துக் கொள்ள வேண்டும்.

ஓய்வு பெற ஓராண்டு இருக்கும்போதே ஓய்வூதியக் கருத்துரு தயாராகிறதா என விசாரிக்க வேண்டும். ஓய்வூதியக் கொடுப்பாணை வந்ததும் அதிலுள்ள பணிக்காலம், கடைசி ஊதியம், தொகுத்துப் பெற்ற தொகை, துணைவரின் பெயர் ஆகியவற்றைப் படித்துப் பார்க்க வேண்டும். பிழையிருந்தால் கடைசியாகப் பணிபுரிந்த அலுவலகத்தின் வழியாக மாநிலக் கணக்காயருக்குத் திருத்தம் கோர வேண்டும். ஆண்டுதோறும் வாழ்வுச் சான்று அளிக்கத் தவறலாகாது. நடக்க இயலாதோர், 2014இல் தொடங்கிய ‘ஜீவன் பிரமாண்’ முறையில், அஞ்சல்காரர் வழியாக வீட்டிலிருந்தே இதைச் செய்யலாம்.

எல்லாவற்றினும் மேலாக ஒன்று சொல்ல விரும்புகிறோம். ஓய்வூதியர் மறைந்தபின் துணைவருக்குக் குடும்ப ஓய்வூதியம் உண்டு. அதன் சாதாரண விகிதம் கடைசி ஊதியத்தில் நூற்றுக்கு 30. ஆனால் கொடுப்பாணையில் ஒரு பெயரும், ஆதார் அட்டையில் வேறொரு பெயரும், வீட்டில் அழைக்கும் மூன்றாவது பெயரும் கொண்ட மூதாட்டி அதைப் பெற எத்தனை முறை கருவூலத்துக்கு நடக்க வேண்டியிருக்கிறது! கணவர் உயிரோடிருக்கும்போதே ஒரு நாள் ஒதுக்கி அப்பெயரைத் திருத்தியிருந்தால் அந்த நடை மிஞ்சியிருக்கும். கொடுப்பாணை எங்கே இருக்கிறது, எந்த வங்கி, எந்தக் கருவூலம் என்பன மனைவிக்கும் மக்களுக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

கிராமத்தில் படித்த இளைஞர்கள் இருக்கின்றனர், நூலகம் இருக்கிறது, பஞ்சாயத்து அலுவலகம் இருக்கிறது. மாதத்தில் ஒரு நாள் மாலை அங்கே கூடி, ஊரிலுள்ள ஓய்வூதியரின் தாள்களை எடுத்துப் படித்துச் சொன்னால், செலவின்றி ஒரு பெருந்தொண்டு நடைபெறும். தமக்கு எழுத்தறிவித்த ஆசிரியருக்கும், குழந்தைகளுக்கு அம்மை குத்திய சுகாதார ஊழியருக்கும் ஊரார் செலுத்தக்கூடிய நன்றி இதுவாகும். அவர்கள் பெறுவது உபகாரமன்று. உழைத்துச் சேர்த்த உடைமை. அது குறையாமல் அவர்கள் கையில் சேர ஒவ்வொருவரும் துணை நிற்போமாக.